பேர் போடாத அளவுச் சீட்டு

— யாரு இவ?

— எவ?

— உங்க சட்டைப் பையில இருந்தாளே, அவதான். மார்பு நாப்பத்திரெண்டு, இடுப்பு முப்பத்தொம்பது. பேர் மட்டும் காணோம். நம்ம தையக் கடையில பேர் போடாம யாருக்காவது அளவுச் சீட்டு எழுதியிருக்கீங்களா?

— இந்தா பாரு, அது ஒரு வாடிக்கை...

— சரி, அப்புறம்? வாடிக்கைக்காரங்க சீட்டெல்லாம் கடை ஆணியில தொங்குது. இது மட்டும் எதுக்கு உங்க நெஞ்சோட ஒட்டிக்கிட்டு வீடு வரைக்கும் வருது?

— குடு இங்க.

— பிடுங்காதீங்க. முந்தாநேத்து பச்சைத் துணி வெட்டினீங்களே, அது இவளுக்குத்தானே?

— அது உனக்கு.

— பொய்! என் இடுப்பு முப்பத்திரெண்டு. போன மாசம் நீங்களே டேப்பைப் பிடிச்சு வாய் நிறையச் சொன்னீங்க.

— வாய் சொன்னது அது. கை எழுதினது இது.

— புரியற மாதிரி பேசுங்க.

— சின்னவ பொறந்தப்புறம் ஒரு தடவை உன் அளவை உள்ளபடி சொன்னேன். ரெண்டு நாள் நீ யார் முகத்தையும் பாக்கல. அன்னிலேருந்து முப்பத்திரெண்டுன்னுதான் சொல்லிட்டு வரேன்.

— ஒம்பது வருஷமா? அதான் என் துணிய மட்டும் என் மிஷின்ல வைக்க விடலையா? கடையில வேற யாருக்கெல்லாம் தெரியும்?

— ஒருத்தருக்கும் தெரியாது. இந்தா பாரு, நல்லதுன்னு நெனச்சுத்தான் சொன்னேன். நீ அந்த முப்பத்திரெண்டைக் காப்பாத்த ராத்திரி வெறும் தண்ணியக் குடிச்சுட்டுப் படுக்கற. நேத்து மிஷின் மேலயே மயங்கி விழுந்த. ஊசி விரல்ல ஏறிச்சு. இல்லாத இடுப்புக்காக இருக்கற உடம்பைப் பட்டினி போடறியேன்னு மனசு கேக்கல. சொல்லிடத்தான் சீட்டை எடுத்துட்டு வந்தேன். வாய் வரல.

— அப்ப இவ... நானா?

— நீதான். இத்தனை வருஷத்துல நான் தைச்சது ஏதாவது உன்னை இறுக்கியிருக்கா?

— ...இல்ல.

— சோறு போடட்டுமா?

— போடுங்க. அதுக்கு முன்னாடி டேப்பை எடுங்க. நான் வயித்தை உள்ள இழுக்க மாட்டேன். தெருவுக்கே கேக்கற மாதிரி சொல்லுங்க.

— முப்பத்தொம்பது!

— ம். இப்ப நீங்க வந்து நில்லுங்க.

— நானா? எனக்கெதுக்கு? கல்யாணத்துலேருந்து எனக்கு முப்பத்திநாலுதானே!

— அப்படின்னு சொன்னது யாரு? உங்களுக்கு அளவெடுக்கறது நான்தானே.