இசக்கியப்பன் வாசித்த தலைப்புச் செய்தி

சாப்பாட்டுப் பந்திக்கு இன்னும் நேரம் இருக்கு... அதுக்குள்ள ஒரு சின்னக் கதை சொல்லிடறேன். மாப்பிள்ளை, பொண்ணு ரெண்டு பேரும் கேளுங்க. அவங்களைப் பெத்தவங்க... இன்னும் கொஞ்சம் நல்லாக் கேளுங்க.

சங்கரன்கோவில்ல ஒரு உள்ளூர் கேபிள் டி.வி. அதுல செய்தி வாசிக்கிறவர் இசக்கியப்பன். டி.வி. ஆரம்பிச்ச நாள்லேருந்து அவர்தான். அதே கோட்டு, அதே டை, அதே கணீர்க் குரல். தண்ணி வராதுன்னு அவர் சொல்லிட்டா, குழாய்ல தண்ணி கொட்டினாலும் ஊர்ல யாரும் குடம் எடுக்க மாட்டாங்க. அவ்வளவு நம்பிக்கை.

ஒருநாள் காலையில ஸ்டூடியோவுக்கு ஒரு போன். "கோமதிநாயகம் தவறிட்டாருங்க." சங்கரன்கோவில்ல கோமதிநாயகம் ஒருத்தர் ரெண்டு பேரா? எந்த கோமதிநாயகம்னு கேக்கணுமா, வேண்டாமா? நம்மாளு கேக்கல. அவராவே முடிவு பண்ணிட்டார். "பிரபல பாத்திரக்கடை உரிமையாளர் கோமதிநாயகம் காலமானார்..." வாசிச்சுட்டார்.

அந்த பாத்திரக்கடைக்காரர் அப்ப என்ன பண்றார்? வீட்ல டி.வி. முன்னால உக்காந்து தோசை சாப்பிட்டுக்கிட்டு இருக்கார்.

சமையல்கட்டுல இருந்து அவர் சம்சாரம் பிச்சம்மா அழுதுக்கிட்டே ஓடி வந்தாங்க. "ஏ பிச்சு, நான் இங்கதான இருக்கேன்?"ன்னார். அந்தம்மா அவரை மேலயும் கீழயும் பார்த்துச்சு. "நீங்க சும்மா இருங்க. இசக்கியப்பன் சார் ஒரு நாளும் தப்பா சொன்னதில்ல."

அடுத்து போன். மச்சினன். "எப்ப எடுக்கறீங்க?" இவர், "நான்தான்யா பேசறேன்"ங்கறார். "நான்தான்னா யாரு?" "கோமதிநாயகம்." அவ்வளவுதான்... போன் கட்டாயிடுச்சு.

கொஞ்ச நேரத்துல எதிர்த்த பாத்திரக்கடைக்காரர் வந்து நிக்கறார். கையில ஆள் உசரத்துக்கு மாலை. வாசல்ல இவரைப் பார்த்ததும் முகம் வெளிறிப்போச்சு. "சும்மா... பார்த்துட்டுப் போலாம்னு வந்தேன்." "மாலையோடயா?"

விஷயம் ஸ்டூடியோவுக்குப் போச்சு. இறந்துபோனது அதே பேர்ல இன்னொருத்தர், ரிட்டயர்டு கண்டக்டர். இசக்கியப்பன் இத்தனை வருஷம் சம்பாதிச்ச பேர்... டி.வி. ஓனர் சமாதானம் சொன்னார். "அண்ணாச்சி, கீழ சின்ன எழுத்துல ஒரு திருத்தம் ஓட விட்ருவோம். யாரும் படிக்க மாட்டாங்க. உங்க பேரு கெடக் கூடாது."

இசக்கியப்பன் என்ன சொன்னார் தெரியுமா? "என் பேருதான போகும்? அவருக்கு உயிரே போயிருக்கு... நான் சொல்லி."

சாயங்காலச் செய்தி. ஊரே பார்க்குது. "வணக்கம். தலைப்புச் செய்தி. இன்று காலை நான் சொன்னது தவறு. விசாரிக்காமல் சொன்னது என் குற்றம். கடைக்காரர் நலமாக இருக்கிறார். மறைந்த கண்டக்டர் கோமதிநாயகம் குடும்பத்தாரிடமும் மன்னிப்புக் கேட்கிறேன்." சொல்லிட்டு, எந்திரிச்சு நின்னு கும்பிட்டார்.

எந்திரிச்சப்பதான் ஊருக்கே தெரிஞ்சது... மேல கோட்டு, டை. கீழ கட்டம் போட்ட கைலி. இத்தனை வருஷமும் அப்படித்தான் வாசிச்சிருக்கார்.

ஊர் சிரிச்சதா? ஒரு வாரம் சிரிச்சது. நம்பிக்கை போச்சா? அதான் இல்ல. "அவரு தப்பா சொன்னா அவரே வந்து சொல்லிருவாருப்பா"ன்னு முன்னைவிட அதிகமா நம்பினாங்க. பிச்சம்மாவும் அன்னைக்கு ராத்திரி புருஷனைப் பார்த்து, "நீங்க உசிரோட இருக்கீங்கன்னு இப்பதாங்க எனக்கு நம்பிக்கை வந்துச்சு"ன்னாங்க. பின்னால இசக்கியப்பன் ஓய்வு பெற்றப்ப விழாவுக்குத் தலைமை யாரு? அதே பாத்திரக்கடைக்காரர். "என்னைச் சாகடிச்சவரும் இவர்தான், அன்னைக்கே எழுப்பி உக்கார வச்சவரும் இவர்தான்"னு சொல்லி சால்வை போர்த்தினார்.

இதை எதுக்குச் சொல்றேன்? திட்டும்போது நம்ம குரல் எப்படி இருக்கு? தெருமுனை வரைக்கும் கேக்குது. சொந்தக்காரங்க முன்னால திட்டறோம், பிள்ளைங்க முன்னால திட்டறோம். தப்பு நம்ம மேலன்னு தெரிஞ்சதும் அந்தக் குரல் எங்க போகுது? மெதுவா பக்கத்துல போய், "சாப்பிட்டியா?"ன்னு கேக்கறோம். அதுக்குப் பேர் மன்னிப்பாம்.

மாப்பிள்ளை... பத்துப் பேர் முன்னால ஒரு வார்த்தை தப்பாப் பேசிட்டா, அதே பத்துப் பேர் முன்னால, அதே சத்தத்துல, "தப்பு என்னுது"ன்னு சொல்லுங்க. பொண்ணுக்கும் இதேதான். மாமியார்களுக்கும் இதேதான்.

இந்த மண்டபத்துல யாருக்காவது யார்கிட்டயாவது அப்படிச் சொல்ல வேண்டியது பாக்கி இருந்தா... இதோ மைக் இருக்கு. வாங்க, தர்றேன்.

...

யாரும் எந்திரிக்கல. பரவாயில்ல... வீட்டுக்குப் போயாவது சொல்லிடுங்க. சத்தமா.