பாடியவர்கள் மற்றும் குழுவினர்

பம்மலில் நான் ஏறிய பஸ் மழைக்குள் ஊர்ந்துகொண்டிருந்தது. முன் சீட்டில் வயதான புருஷன் பெண்டாட்டி. அவர் மடியில் செங்கல் பருமனுக்கு ஒரு புத்தகம். சினிமாவில் பாடிய எல்லாருடைய விவரமும் அதில் இருக்கிறதாம். அந்தம்மா சொன்னதில் என் தூக்கம் கலைந்தது.

"முப்பது வருஷம் சினிமால பாடியிருக்கேன். என் பேரு இல்லையா?"

"மூணு தடவை பாத்துட்டேன் மைதிலி. 'மை'யில நீ இல்ல. நாளைக்கே கடையில திருப்பிக் குடுத்துட்டு, நல்லா நாலு வார்த்தை கேட்டுட்டு வரேன்."

"அங்க ஏங்க தேடறீங்க? 'கு'வுல பாருங்க. குழுவினர்."

அவர் புரட்டினார். எனக்கு எழுத்துத் தெரியாது, பஸ் நம்பர் மட்டும் படிப்பேன். அந்தப் பக்கம் முழுக்க எண்கள்தான். திருப்பினால், அடுத்த பக்கமும்!

"அடேயப்பா, எத்தனை பாட்டு நம்பர்! பெரிய பாடகருங்களுக்கே அரைப் பக்கம்தான் குடுத்திருக்கான்."

"பின்ன? ரேடியோல கடைசியா 'மற்றும் குழுவினர்'னு சொன்னதும் எங்கம்மா தெருவையே கூப்பிடுவாங்க, 'என் பொண்ணு வந்துட்டா'ன்னு."

அவர் பேனாவை எடுத்து, 'மைதிலி' என்று சொல்லிக்கொண்டே ஓரத்தில் எழுதினார். "இனிமே கடைக்காரன் திருப்பி வாங்க மாட்டான்."

"என்னை மட்டும் எழுதினா எப்படிங்க? நாலு பேரும் ஒரே மைக்ல நின்னோம். சரோஜா, மும்தாஜ், ஸ்டெல்லா..."

"மெதுவா சொல்லும்மா, பஸ்ஸு குலுங்குது."

அந்தம்மா முதலிலிருந்து ஆரம்பித்தார். இந்தத் தடவை ஒவ்வொரு பேருக்கும் முன்னால், அவரவர் குரலில் சின்னதாக ஒரு ஹம்மிங். என் ஸ்டாப் வந்தது, போனது. நான் எழுந்திருக்கவில்லை.