எந்திரிச்சதும் ஒரு சிரிப்பு

— லேப்டாப்ப மூடிடவா, காத்தாயியம்மா? படம் முடிஞ்சிடுச்சு.

— இருங்க இனியவன் தம்பி. கடைசியில அந்த சாக்கடைக் குழிக்குள்ள கெடக்குறது எம் புள்ளதானே?

— செம்மொழிதாம்மா. ஆனா அது நடிப்பு. மெட்ராஸ்ல குழியில எறங்கி மூச்சு முட்டிச் சாவுறவங்களப் பத்தின படம். என் மூணு படமும் இப்படித்தான். ஊரே மூக்கப் பொத்திக்கிட்டுப் போற எடத்துலதான் நான் கேமராவ வைப்பேன்.

— நல்லா வச்சீங்க போங்க. நடிப்புன்னு தெரிஞ்சும் வயிறு எரியுது.

— இந்தக் குழி சீன் எடுத்த அன்னிக்கு, ஷூட்டிங் முடிஞ்சு ரூமுக்குப் போய்ப் படுத்தவன்தாம்மா. தூக்கத்துலயே நெஞ்சு நின்னுடுச்சு. அப்பவே சொன்னேனே.

— சொன்னீங்க. அதுக்கப்புறம் குறுவையும் அறுத்தாச்சு, தாளடியும் அறுத்தாச்சு. இன்னும் நாத்து நடக் குனிஞ்சா பின்னாடி "யம்மா"ங்குறான். திரும்பிப் பாத்தா வாய்க்கா மதகுதான் நிக்குது. பயமா இருக்கு தம்பி.

— நாளைக்குக் குடவாசல் மண்டபத்துல படத்த மொத மொதலாப் போடுறேன். நீங்க வேணாம்னா போடல. அப்படியே பொட்டியில கெடக்கட்டும்.

— ஒண்ணு கேக்குறேன். சினிமாவுல பொணமா நடிச்சவங்கள, எந்திரிச்சதும் சிரிக்க வச்சு ஒரு படம் புடிப்பாங்களாமே? இல்லாட்டி சாவு ஒட்டிக்குமாமே?

— ஆமாம்மா. எல்லா யூனிட்லயும் அது வழக்கம்.

— எம் புள்ளையச் சிரிக்க வச்சீங்களா?

— வச்சேம்மா. எந்திரிச்சு மேல வந்ததும் எடுத்தோம்.

— அதக் காட்டுங்க. அவன் சிரிச்சுட்டுத்தான் போனான்னா, எங்க வேணாப் போட்டுக்குங்க. நானே முன்னாடி வந்து ஒக்காருறேன்.

— இந்தாங்க, பாருங்க.

— ஐயோ, அந்தத் தெத்துப்பல்லு! என் ராசா... தம்பி, வாயி அசையுதே. என்னமோ சொல்றான். சத்தத்த வையிங்க.

— வேணாம்மா. வெறும் காத்து எரைச்சல்.

— இருக்கட்டுமே. அவன் நின்ன எடத்துக் காத்துதானே.

— அம்மா, சொன்னாக் கேளுங்க. நாளைக்கு நல்லா சரி பண்ணி எடுத்துட்டு வரேன்...

— எதுக்குத் தம்பி லேப்டாப்ப இழுக்குறீங்க? தள்ளுங்க. இந்த ஸ்பீக்கர் பொம்மையத்தானே அமுக்கணும்? எம் போன்லயும் இருக்கு.

— "சிரிச்சாச்சு இனியவண்ணே, போதுமா? இப்பக் குழிக்குள்ள எறங்கட்டுமா?"