முன்பல் இரண்டும்

—வாயை மூடு, சீனி. இரண்டு பல்லும் இரும்பு மாதிரிக் கிடக்கு. இதிலை நான் என்னத்தைப் பிடுங்கிறது?

—வலிக்குதுங்கய்யா. உசிரு போகுது.

—முன்பல் இரண்டும் சேர்ந்து ஒரே நாளிலை வலிக்குதோ? கண்டறியாத வலி! இந்தத் தோட்டத்து ஆஸ்பத்திரியிலை எவ்வளவு காலமாய் டிரெசர் வேலை பாக்கிறன். பொய்க் காய்ச்சல் பாத்திட்டன், பொய் வயித்துக்குத்துப் பாத்திட்டன். பொய்ப் பல்வலியோடை வந்த முதல் ஆள் நீதான்.

—சாமி சத்தியமா ஐயா...

—சாமியை ஏன் இழுக்கிறாய்? நாளைக்குச் சனிக்கிழமை. தாப்பா கிளப்பிலை சின்னத் துரைக்குப் பிரியாவிடை. நீதான் டிரம்போனோடை முன்னுக்கு நிண்டு பேண்டை நடத்த வேணும் எண்டு பெரிய துரை சொல்லிப் போட்டார். உன்ரை வலி பல்லிலை இல்லை, அங்கைதான் கிடக்கு.

—மாட்டேன்னு சொன்னா விடுவாங்களா? சட்டி பானையைத் தூக்கி லயத்துக்கு வெளிய எறிஞ்சிருவாங்க. எம் பொண்டாட்டி காளியம்மாளைக் கூட்டிக்கிட்டு நான் எங்கிட்டுப் போறது? ரொம்ப சுசா லா ஐயா, ரொம்பக் கஷ்டம்.

—முன்பல் இல்லாதவன் ஊதேலாது. ஊதேலாதவனை ஒருத்தரும் குற்றம் சொல்லேலாது. அப்பிடித்தானே? கெட்டிக்காரன்தான் நீ.

—நீங்க அப்படியே வெச்சுக்குங்க ஐயா. சீக்கிரம் புடுங்குங்க. நான் ரயிலுக்குப் போவணும்.

—என்ன ரயில்? ஓடப் போறியோ?

—ஓடலீங்க. ஈப்போ போயிட்டு விடியத் திரும்பிருவேன். பல்லில்லாத வாயைப் பெரிய தொரகிட்ட நானே வந்து காட்டணும்ல.

—ஈப்போவுக்கோ? பெனெடிட்டோ மாஸ்டரிட்டையோ? அந்த மனுசன் நாலு வருசமாய் உனக்குப் படிப்பிச்சவர். என்ன முகத்தோடை போய் முன்னாலை நிக்கப் போறாய்? பார், பிரேசில் எங்கை கிடக்கு, தாப்பா எங்கை கிடக்கு? சர்க்கஸ் கூடாரத்திலை ஊதி, கப்பல் பேண்டிலை ஊதி, அமெரிக்காக் கறுப்பரோடை ஒரே அறையிலை கிடந்து அந்த ஜாஸ் எண்டதைப் படிச்சுக்கொண்டு வந்தவர். சர்க்கஸ் முதலாளி ஈப்போவிலை எல்லாரையும் விட்டிட்டு ஓடினான். பேந்து படக்கொட்டகையிலை திரைக்குக் கீழை குந்தியிருந்து ஊதினவர். பெரிய துரை அவரை இஞ்சை கூட்டி வந்தது என்னத்துக்கு? லாட் துரை தோட்டம் பாக்க வரேக்கை ஒரு பாட்டு வாசிக்க. ஒரே ஒரு பாட்டு! லாட் துரை வந்தார், போனார். இவர் போகேல்லை.

—போகலீங்க. பால் வெட்டுற எங்களைப் புடிச்சு உக்கார வெச்சாரு. மொத நாளு என்ன செஞ்சாரு தெரியுங்களா? மாட்டு வண்டியில இருந்து பொட்டியைக்கூட எறக்கல. நேரா ஒரு ரப்பர் மரத்துக்கிட்டப் போயிக் கட்டிப் புடிச்சுக்கிட்டாரு. கிறுக்கன்டா இவன்னு நாங்கல்லாம் சிரிச்சோம். அப்புறம் கங்காணிதான் கேட்டுச் சொன்னாரு, அந்த மரம் அவுங்க ஊர்லேருந்து வந்ததாம். 'இது என் ஊர்க்காரன்'னு சொல்றாருன்னு.

—எனக்கும் சொன்னவர். அவரின்ரை தேப்பன் அங்கை காட்டுக்குள்ளை ரப்பர்ப் பால் எடுத்தவராம். இஞ்சத்தை ரப்பர் சீமைக்குப் போகத் தொடங்க அங்கை விலை விழுந்து, தேப்பன் பட்டினியிலை செத்தவராம். தன்ரை தேப்பனைச் சாகடிச்ச மரத்துக்கு நடுவிலை வந்திருந்து உங்களுக்குப் பாட்டுப் படிப்பிச்சிருக்கிறார். எனக்கெண்டால் அந்த மனசு வராது.

—மரத்து மேல அவருக்குக் கோவமே கிடையாதுங்க. 'எங்கேயோ இருந்ததைக் கொண்டாந்து இங்க வெச்சாங்க, புடிச்சுக்கிச்சு, மரம் என்ன செய்யும்'னு கேப்பாரு. நான் நர்சரியில ஒட்டுக் கட்டுறப்பல்லாம் பக்கத்துல குந்திக்கிட்டுப் பாப்பாரு.

—ஒட்டுக் கட்டுறதிலை உன்னைப்போலை கை இந்தத் தோட்டத்திலை இல்லை எண்டு பெரிய துரையே சொல்லுறவர்.

—ஒரு மரத்துக் கண்ணைச் சீவி இன்னொரு மரத்துல வெச்சுக் கட்டுறோம். காயாம இருந்தா ஒண்ணோட ஒண்ணு சேந்துக்குது. மாஸ்டருக்கு அது பெரிய அதிசயம். 'சீனி, என் பாட்டும் அப்படித்தான். என் வாயிலேருந்து உன் வாய்க்கு'ன்னுவாரு. டிரம்போன்ங்கற அந்த இழுப்புக் கொழலுல பொத்தானே கிடையாதுங்களே. எங்க நிறுத்தணும்னு எப்படித் தெரியும்னு கேட்டேன். 'தெனம் மரத்துல கோடு இழுக்குற கை உனக்கு, அதுக்குத் தெரியும்'னு சொன்னாரு. ஒரு மனுசன்கூட அதுவரைக்கும் என் கையைப் பத்தி நல்லதாப் பேசுனதில்ல ஐயா.

—உதெல்லாம் தெரிஞ்சுகொண்டுதான் பல்லைப் பிடுங்கச் சொல்லுறாய். விசரா!

—எம் புள்ளை செல்லாயிக்கும் அவருன்னா உசிரு. வேலை முடிஞ்சு நான் வாரதுக்குள்ள அங்க போயி நின்னுக்கும். கொழலைப் புடிச்சு இழுக்கும், தள்ளும். அவரு ஊதிக்கிட்டே இருப்பாரு. புள்ளை கை எங்கிட்டுப் போவுதோ அதான் பாட்டு. ஆனை கத்துற மாதிரி ஒண்ணு வரும், பூனை கத்துற மாதிரி ஒண்ணு வரும். வயித்தைப் புடிச்சுக்கிட்டு அப்படிச் சிரிக்கும்.

—அந்தப் பிள்ளைக்கு நான் ஏலுமானதெல்லாம் செய்தனான், சீனி. கொயினா குடுத்தனான், பக்கத்திலை இருந்தனான். அந்தக் காய்ச்சல் பொல்லாதது.

—உங்களைச் சொல்லலீங்கய்யா. நீங்க அழுததை நான் பாத்தேன்.

—உது இப்ப ஏன்?

—புள்ளையைத் தூக்கற அன்னிக்கு மேளம் அடிக்க ஆள் இல்ல. எல்லாரும் பால் வெட்டுல நின்னாங்க. சின்னத் தொர ஒருத்தனையும் விடல. மாஸ்டர் மட்டும் கொழலைத் தூக்கிக்கிட்டு வந்தாரு. அழுவுற பாட்டு ஒண்ணும் வாசிக்கல. அந்த ஆனைச் சத்தம், அந்தப் பூனைச் சத்தம். செல்லாயி இழுத்த அதே இழுப்பு. அதை ஊதிக்கிட்டே முன்னால நடந்தாரு. மர நெறையில வெட்டிக்கிட்டு இருந்தவங்க கத்தியைப் போட்டுட்டு ஒவ்வொருத்தரா வந்து பின்னால சேந்துக்கிட்டாங்க. என் புள்ளைக்கு எம்புட்டுக் கூட்டம்!

—அண்டைக்குப் பால் முழுக்கக் கோப்பையிலேயே உறைஞ்சு போச்சு.

—போச்சு. சின்னத் தொர மோட்டார் சைக்கிள்ல வந்தாரு. நிறுத்துன்னு கத்துனாரு. மாஸ்டர் நிறுத்தல. கொழல் வாயில இருக்கப்பவே கம்பால ஓங்கிப் போட்டாரு ஐயா. ஊதுற முனை பல்லுக்குள்ள ஏறிருச்சு. கீழ விழுந்தும் கையைக் காட்டிக்கிட்டே இருந்தாரு, நிக்காதீங்க, புள்ளையைக் கொண்டு போங்கன்னு.

—வேர்த் துண்டுகளை நோண்டி எடுத்தது நான்தான். ஒரு சத்தம் போடேல்லை அந்த மனுசன். அடுத்த நாளே பெரிய துரை கணக்கு முடிச்சு அனுப்பினார். அடி வாங்கினவருக்கு வண்டி. அடிச்சவனுக்குப் பேண்டும் விருந்தும். நான் வாயைப் பொத்திக்கொண்டு இருக்கிறன், சீனி. எனக்கும் வயிறு எரியுது. ஆனால் சின்னத் துரை திங்கள் கப்பலேறிச் சீமைக்குப் போறான். ஒரு பின்னேரம் பல்லைக் கடிச்சுக்கொண்டு வாசிச்சுப் போட்டு வா. அவனுக்காக நீ உன்ரை வாழ்நாள் வித்தையை அழிக்கப் போறியோ?

—போன ஞாயித்துக்கிழமை ஈப்போவுல மாஸ்டரைப் பாத்தேன்.

—எப்பிடி இருக்கிறார்?

—அதே படக்கொட்டகைக்காரன்தான் வேலை குடுத்திருக்கான். நெஞ்சுல ஒரு பலகை, முதுவுல ஒரு பலகை. புதுப் படம் பேரை எழுதி மாட்டி வெய்யில்ல தெருத்தெருவா நடக்க விடுறான். உள்ள வேற ஒருத்தன் ஊதுறான். இவரு அந்தச் சத்தத்தை வெளிய நின்னு கேட்டுட்டுப் போறாரு. கொழல் கட்டிலுக்குக் கீழ கெடக்கு.

—கட்டுப்பல் போட்டுப் பாக்கேல்லையோ?

—சீனன் கடையில பீங்கான் பல்லு கட்டுனாரு. நான் போனப்ப ஊதிக் காட்டுறேன்னு எடுத்தாரு. மொத மூச்சுலயே கழண்டு கொழலுக்குள்ள விழுந்துருச்சு. கடகடன்னு உள்ள உருளுது. சிரிச்சாரு. அப்புறம் சுவத்துப் பக்கம் திரும்பிக்கிட்டாரு.

—நிக்காது. சாப்பாட்டுக்குக் காணும். ஊதுற இடிக்கு நிக்காது.

—தங்கத்துல கட்டுனா?

—தங்கமும் நிக்காது. வேரில்லாத பல் வெறும் முரசுச் சதையிலை எப்பிடி நிக்கும்?

—வேருதான் முக்கியம்ங்களா?

—வேர்தான். அவரின்ரை வாய் முடிஞ்சுது, சீனி. அது அவருக்கும் தெரியும். போகேக்கை வண்டியிலை ஏறி இருந்துகொண்டு என்னட்டை என்ன சொன்னவர் தெரியுமோ? வாயெல்லாம் வீங்கிக் கிடக்கு, பேச வருகுதில்லை. 'டிரெசர், என் வாய் போனால் போகட்டும். சீனி வாய் இருக்கு' எண்டார்.

—அப்படியா சொன்னாரு?

—இந்தக் காதாலை கேட்டனான். அந்த வாயைத்தான் நீ இப்ப என்னட்டைக் கொண்டு வந்திருக்கிறாய்.

—சீனி வாய் இருக்குன்னு சொன்னாரா...

—ஓம். எழும்பி வீட்டை போ.

—இனிமே யோசிக்க ஒண்ணுமில்ல. புடுங்குங்க ஐயா.

—நான் செய்ய மாட்டன்!

—அப்போ பட்டறையில கொறடு இருக்கு. நானே புடுங்கிக்குவேன். வேரு உடைஞ்சிரும்னுதான் உங்ககிட்ட வந்தேன்.

—கொல்லன்ரை குறடோ! சீழ் பிடிச்சுச் சாகப் போறியோ? காளியம்மாளுக்கு ஆர் பதில் சொல்லுறது? பிள்ளையும் போய்ப் புருசனும் போறதோ?

—அப்ப நீங்க செய்யுங்க. உங்க கால்ல விழுறேன்.

—எழும்பு. எழும்படா! ...இந்தக் கதிரையிலை இரு. தலையைப் பின்னாலை சாய். மரக்கிற மருந்து அடிப்போத்தலிலைதான் கிடக்கு, அரைவாசிக்குத்தான் காணும். நோகும்.

—நோவட்டும். வேரோட வரணும் ஐயா.

—எனக்குப் படிப்பிக்கிறியோ? கதிரையைப் பிடி. அசையாதை. அசையாதை எண்டெல்லோ சொல்லுறன்... ஓம். ஒண்டு.

—முழுசா இருக்கா? காட்டுங்க.

—முழுசாய்த்தான் இருக்கு. நல்ல நீள வேர். இந்தப் பல் உனக்கு எண்பது வயசு மட்டும் நிண்டிருக்கும். மற்றதையாவது விடடா, சீனி.

—ரெண்டும் ஐயா. அவருக்கு ரெண்டும்தானே போச்சு.

—கண்டறியாத கணக்கு! அவருக்குப் போனால் உனக்கும் போக வேணுமோ? திற வாயை. ...பொறு. ...பொறு. ...முடிஞ்சுது. துப்பு. பஞ்சைக் கடிச்சுக்கொண்டிரு. ஏன் சிரிக்கிறாய்? கடவுளே, இந்தக் கையாலை இதைச் செய்ய வைச்சிட்டியே. நாலு வருச வித்தை இந்தக் கிண்ணத்திலை கிடக்கு. இரு, பின்னாலை கொட்டிப் போட்டு வாறன்.

—கொட்டாதீங்க ஐயா! ஈரத் துணியில சுத்தி என் கையில குடுங்க, காஞ்சிரக் கூடாது. ரெண்டும் வேரோட பச்சையா இருக்கு, இன்னிக்கே கொண்டு போயி மாஸ்டர் வாயில வெச்சுக் கட்டிட்டா புடிச்சுக்கும்.