ஏழாவது ஆட்டத்துக்குச் சுடுதண்ணீர்

அல் ஐனிலிருந்து துபாய் போகும் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் யாழ்ப்பாணத்துக்காரர் இருவர். ஜன்னலோரம் இருந்தவர் வெளியே மணலைப் பார்த்தபடி சொன்னார்:

“ஐஸுக்குச் சுடுதண்ணிதான் விடவேணும் எண்டு அவனுக்குச் சொல்லாமல் விட்டிட்டன்.”

பேச்சிலிருந்து புரிந்தது, அவருக்கு அல் ஐனில் ஒரு ஐஸ் ஹாக்கி மைதானத்தில் வேலை. இடைவேளைகளில் மெஷின் ஓட்டி, ஸ்கேட் கீறல்களின் மேல் தண்ணீர் விட்டுப் பனித்தரையைச் சமப்படுத்துவார்.

“ஐஸுக்கு ஏன் அண்ணை சுடுதண்ணி?” என்றார் இளையவர்.

“சூடு பட்டுக் கீறல் இளகினால்தான் புதுத் தண்ணி ஒட்டும். பச்சைத்தண்ணி விட்டால் மேலால உறைஞ்சு பொருக்காய்க் கழரும். எனக்குப் பதிலா வந்தவன் பார்க்கிங்கில நிண்ட நேபாளி. பாவம், ஐஸ்தானே எண்டு பச்சைத்தண்ணியை நிரப்பிப்போட்டான்.”

“ஃபைனலுக்கோ?”

“ஓம். துபாய் டீமோட ஆறு மேட்ச் முடிய மூண்டுக்கு மூண்டு. ஏழாவதில வெல்லுறவனுக்குக் கப். பிறகு வீடியோவில பார்த்தன். கடைசி நிமிஷம், எங்கட கேப்டன் தனியக் கொண்டு போறான், முன்னால கோல்கீப்பர் மட்டும்தான். பொருக்கில ஸ்கேட் மாட்டி விழுந்தான். துபாய்க்காரன் பறிச்சுக்கொண்டு போய் கோல் அடிச்சான். கலாஸ், எல்லாம் முடிஞ்சுது.”

“ஆறு மேட்சுக்கும் நீங்கள்தானே டியூட்டி. அண்டைக்கு என்ன, காய்ச்சலோ?”

“கேப்டனும் அதைத்தான் கேட்டவன். ஓம் எண்டன்.”

பஸ் ஒரு ரவுண்டானாவைச் சுற்றியது. அவர் ஜன்னலை விட்டு இளையவர் பக்கம் திரும்பினார்.

“காய்ச்சல் இல்லையடா. எங்கட டீம் தோத்தால் கண்ணால பார்க்க ஏலாது எண்டு லீவு போட்டிட்டு ரூமில படுத்திருந்தனான்.”