மூன்று மணிக்கு முன்னால் ஊதாத சங்கு

ஐயா, கம்ப்யூட்டரில் நான் எந்த ஃபைலையும் அழிப்பதில்லை. வேண்டாததன் பெயரோடு old என்று சேர்த்து ஓரமாக வைத்துவிடுவேன். நல்ல பழக்கம் என்றுதான் நினைத்திருந்தேன். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள், நான் அந்தப் பழக்கத்தால் கெட்டேன்.

என் பெயர் வெங்கடேஷ். அப்பாவுக்குத் திருநெல்வேலிப் பக்கம். இங்கே நிலக்கரி மைன்ஸில் வேலை செய்தார், ரிட்டயர் ஆனதும் குவார்ட்டர்ஸைக் காலி செய்தோம். நான் டவுன்ஷிப் எல்லையில் இருக்கும் ஒரு தனியார் களிமண் குவாரியில் ஒன்பது வருஷமாக கான்ட்ராக்ட் கம்ப்யூட்டர் ஆபரேட்டர். 2013இல் ஆபீசுக்கு ஒரே ஒரு ஆளை பெர்மனன்ட் ஆக்கப்போவதாகச் சொன்னார்கள். அது நான்தான் என்று வீட்டில் முடிவே ஆகியிருந்தது.

அப்போதுதான் தமிழ்நிலா வந்தாள். அதே குவாரியில் சேறு வாரும் குஞ்சிதபாதத்தின் மகள். பி.சி.ஏ. படித்தவள். லாரி எடையைத் தானாகப் பதிகிற மென்பொருள் ஒன்றை மூன்றே மாதத்தில் எழுதிவிட்டாள். நவம்பர் எட்டாம் தேதி, வெள்ளிக்கிழமை, மதியம் மூன்று மணிக்கு மேலதிகாரிகள் முன்னால் அதை ஓட்டிக் காட்டச் சொன்னார்கள். ஓடினால் வேலை அவளுக்கு. பொறாமை என்றால் பொறாமைதான், மறுக்கவில்லை.

டிஎல்எல் என்று ஒரு வகை ஃபைல் உண்டு. அதை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியாக வைத்துக்கொள்ளாது. நாலு வீட்டுக்குப் பொதுவாகத் தெருவில் ஒரு குழாய் போல, ஒரே ஃபைலை நாலைந்து மென்பொருள்கள் எடுத்துக்கொள்ளும். ஏதாவது ஒன்று ஓடாவிட்டால், அந்த ஃபைலை எங்கிருந்தாவது இறக்கி பழையதன் மேல் போட்டுவிடுவது எங்கள் பக்கத்து வைத்தியம். யாரும் குறை சொல்வதில்லை. அன்று காலை ஒன்பதரைக்கு, அவள் மென்பொருள் நம்பியிருந்த ஒரு டிஎல்எல்லை எடுத்துவிட்டு, அதே பெயரில் பழைய பதிப்பை வைத்தேன்.

அதே கம்ப்யூட்டரில்தான் அபாயச் சங்கு மென்பொருளும் இருந்தது. குவாரிக்கு மேலே மழைத்தண்ணீர் தேங்கும் குட்டையில் தண்ணீர் சிவப்புக் கோட்டைத் தொட்டால் அது களிமண் வெட்டும் பள்ளத்தில் சங்கு ஊதும். குட்டையிலிருந்து வரும் வடிகால் குழாய்க்குள் குனிந்து சேறு வாருகிறவர்களுக்கு வெளியே நடப்பது தெரியாது. சங்கு கேட்டால்தான் ஏறுவார்கள்.

ஒன்பதே முக்காலுக்குத் திரையில் ஒரு பெட்டி வந்தது. சங்கு மென்பொருளால் அந்த ஃபைலைப் படிக்க முடியவில்லை என்றது. ஓகே அழுத்தினேன். பெட்டி போய்விட்டது. மூன்று மணி ஆனதும் பழையபடி வைத்துவிடலாம் என்று இருந்தேன். வெளியே தூறிக்கொண்டிருந்தது.

பதினொன்றுக்கு மழை பிடித்தது. குட்டை பன்னிரண்டு இருபதுக்கு உடைத்துக்கொண்டது. எல்லோரும் பள்ளத்துக்கு ஓடினார்கள். நான் ஆபீசில் தனியாக இருந்து நல்ல ஃபைலைத் திரும்ப வைத்தேன், பழைய பதிப்பின் பெயரோடு old சேர்த்தேன். அரை நிமிஷம்கூட ஆகவில்லை. குஞ்சிதபாதத்தை நாலு மணிக்கு எடுத்தார்கள்.

அதிகாரிகள் வந்து சோதித்தபோது சங்கு நன்றாகவே ஊதியது. ஈரத்தில் ஒயர் கோளாறாகியிருக்கும் என்று எழுதிக்கொண்டு போனார்கள். சமாதானப் பேச்சில் தமிழ்நிலாவுக்கு அந்த வேலையைக் கொடுத்தார்கள். பெர்மனன்ட். ஆக, நான் அவளிடமிருந்து எதையும் பறிக்கவில்லை. ரிஜிஸ்டர்கள் எங்கே இருக்கின்றன என்று நான்தான் காட்டிக்கொடுத்தேன்.

எட்டு மாதம் கழித்து அந்த old ஃபைலை அவள் பார்த்திருக்கிறாள். அது அங்கே வைக்கப்பட்ட தேதியையும் நேரத்தையும் ஒரு தாளில் எழுதி என் மேஜையில் வைத்தாள்.

"அண்ணா, எங்க அப்பா எறங்கினப்ப சங்கு ஊதாதுன்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

சத்தம் போடவில்லை. அழவும் இல்லை. அவள் நேராக ஸ்டேஷனுக்கு, உங்களிடம் வந்துவிட்டாள்.

அவளிடம் சொல்லாததை உங்களிடம் சொல்லிவிடுகிறேன். அன்று பத்து மணிக்குக் குஞ்சிதபாதம் ஆபீஸ் வாசலில் வந்து நின்றார். கையில் ஒரு பிளாஸ்டிக் பை, உள்ளே தேய்த்த வெள்ளைச் சட்டை.

"சார், இத இங்க வச்சிக்கினு இருங்க. மூணு மணிக்கு மாத்திக்கினு வந்து எம் பொண்ணு பண்றத ஓரமா நின்னு பாத்துட்டுப் போறேங்க."

"வையுங்க" என்றேன்.

படி இறங்கப் போனவர் வானத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்.

"மழ புடிச்சிக்கும் போல இருக்குதுங்க. சங்கு ஊதுமில்லீங்க?"

"ஊதும், போங்க" என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னாய் என்று கேட்கிறீர்கள். வயசானவர், ஐயா. பயந்துகொண்டே இறங்க வேண்டாமே என்றுதான்.