ஒத்தை மோஷி

சாயங்காலம் நாலரை மணி. நவம்பர் கடைசி. கோயிலா நெறைஞ்ச தெராமாச்சில பெரிய ரோட்டை விட்டுக் கீழ இறங்குற சந்து இருக்கே... ரெண்டு பக்கமும் கோயில் மதில், ஒருத்தர் குடை விரிச்சா இன்னொருத்தர் ஒதுங்கி நிக்கணும், அந்தச் சந்து. மழை அப்பத்தான் விட்டிருக்கு. கிங்கோ மரத்துப் பழம் காலடியில நசுங்கி நாறுது. மதிலுக்கு அந்தப் பக்கம், சமாதிக்குப் பின்னாடி நட்டு வெச்ச மரப்பலகை எல்லாம் காத்துல ஒண்ணோட ஒண்ணு மோதுது. கட... கட கட... கட.

அந்தச் சந்துல ஒன்பது பேரைப் பின்னாடி கூட்டிக்கிட்டு தொகுஜி போறான். கையில சின்ன நீலக் கொடி.

எந்தத் தொகுஜியா? சலவைக் கடை கஸுயே இருக்காளே, அவ தங்கச்சி மிஃபுயுவைக் கட்டினவன். வெளியூர்க்காரங்களை நடத்திக் கூட்டிட்டுப் போயி கோயில் கோயிலா காட்டுறது அவன் தொழில். கென்சோ, சிரிக்காத. அந்த ஆரஞ்சை உரிச்சோமா தின்னோமான்னு இரு. பனியில பஸ் நின்னு போச்சு, இந்தக் குளியல்கூடத்துல குளிச்ச உடம்போட இப்ப வெளிய போனா விறைச்சுப் போவீங்க. எல்லாரும் அடுப்புப் பக்கம் நெருங்கி உக்காருங்க. இதுல பாதி நான் பாத்தது. மீதி கஸுயே சொன்னது. சொல்லும்போது எனக்குக் கோவம் வரும். வந்தா வரட்டும்.

அந்தச் சந்து முடியுற எடத்துல ஒரு கோயில். பேர் வேண்டாம். அதுக்கு எதிர்லதான் இருபது வருஷமா நான் சமாதிக்குப் பூவும் ஊதுபத்தியும் விக்கிறேன். உள்ள, மதிலை ஒட்டி, கேக்க நாதியில்லாத சமாதிக் கல்லை எல்லாம் கொண்டு வந்து படிப்படியா அடுக்கி வெச்சிருக்காங்க. பக்கத்துலயே ஒரு கிணறு. கீழ் வரிசையில ஒரு குட்டைக் கல். அதுல மட்டும் பேர் தெரியும். ஓகினு.

தொகுஜி கூட்டத்தை அங்கதான் நிறுத்துவான். "ஓகினு... இருபத்திரெண்டு வயசு... கள்ளக் காதலனுக்காக, பெத்த பிள்ளையை இந்தக் கிணத்துல..." அப்படின்னு நிறுத்துவான். மனசுக்குள்ள மூணு எண்ணுவான். "காது வெச்சுப் பாருங்க... இன்னிக்கும் கேக்கும்." உடனே அத்தனை பேரும் கிணத்து மேல கவுந்துக்கிட்டு காது வைக்கும், போட்டோ எடுக்கும், ஒரு பொண்ணு வீல்னு கத்தும், எல்லாம் சிரிக்கும்.

அத்தனையும் பொய்! அந்தக் கிணறே தோட்டத்துக்குத் தண்ணி வேணும்னு என் அப்பா காலத்துல வெட்டினது. ஓகினு செத்து நூத்தி அம்பது வருஷம் ஆகுது. கோயில் அய்யாவோட சம்சாரம் பழைய ஏட்டை எடுத்து எனக்கே படிச்சுக் காட்டினாங்க. பிள்ளை அம்மை போட்டுப் போச்சு. பதினோரு நாள் கழிச்சு தாயும் போயிட்டா. எழுதியிருக்கிறது அவ்வளவுதான். பிள்ளைக்குப் பக்கத்துல படுத்து, அதைத் தொட்டுத் தொட்டு, அதே நோவுல போனவ. அவளைப் போயி இவன் கொலைகாரி ஆக்கிட்டான். எனக்கு வயிறு எரியாதா?

ஒருநாள் கடை முன்னாடியே அவனை நிறுத்திக் கேட்டேன். "ஏண்டா, உனக்கு நாக்கு அழுகாதா? யாரு என்னன்னு தெரியாத பொம்பளை மேல இப்படிப் பழி போடுறியே!"

"அக்கா, கல்லை மட்டும் காட்டினா எவன் நிப்பான்? கதை வேணும்க்கா."

"அவ என்னடா பண்ணினா உன்னை?"

"ஒண்ணும் பண்ணலை. ஒண்ணும் பண்ணவும் மாட்டா. செத்தவங்க ஆபீஸுக்கு வந்து புகார் எழுதிக் குடுக்கப் போறாங்களா?" சிரிச்சுக்கிட்டே கொடியைத் தூக்கிக்கிட்டுப் போயிட்டான். கையில இருந்த பூவாளித் தண்ணியை அவன் தலையில ஊத்தியிருக்கணும். ஊத்தலையேன்னு இன்னிக்கும் ஆறலை எனக்கு.

சரி, அந்த நவம்பர் சாயங்காலம்.

இப்ப எல்லாம் கத்திப் பேசுறது இல்லையே. வரவங்க காதுக்கு ஒரு கருவி. பேசுற மைக் தொகுஜி சட்டையில மட்டும்தான் இருக்கும். மத்தவங்க கேக்கலாம், பேச முடியாது. அவனும் ஒரு காதுல மாட்டிக்குவான், சத்தம் சரியாப் போகுதான்னு பாக்க. ஒவ்வொரு எடத்துலயும் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி, போன்ல பேசுற மாதிரி, "மோஷி மோஷி, கேக்குதா?"ம்பான். கேட்டவங்க கை தூக்குவாங்க.

ஓகினு கல்லுக்கு முன்னாடி நின்னு அதே மாதிரி கேட்டான். "மோஷி மோஷி, கேக்குதா?"

ஒன்பது கையும் மேல போச்சு.

அப்ப அவன் காதுல... "மோஷி."

பொம்பளைக் குரல். ஒரே ஒரு தடவை.

கென்சோ, இப்ப ஏன் உரிக்கிறதை நிறுத்திட்ட? உனக்கே தெரியுமில்ல. நம்ம ஊர்ல சின்னப் பிள்ளை கூட ஒத்தையா மோஷின்னு சொல்லாது, ரெண்டு தடவைதான் சொல்லும். ரெண்டாவது மோஷி பேய் வாயில வராதுன்னு பெரியவங்க சொல்லித்தானே வளர்த்தாங்க. அதுக்குப் பதில் பேசக் கூடாது. மூச்சு விடக் கூடாது. தொகுஜிக்கும் தெரியும். ஆனா தொழில் பழக்கம்... ஆறு வருஷமா வரவங்க போறவங்க கிட்ட எல்லாம் பல்லைக் காட்டிப் பேசின வாய். யாரோ கேள்வி கேக்க வராங்கன்னு நினைச்சு, அவன் பாட்டுக்குத் தலையைக் குனிஞ்சு சொல்லிட்டான். "ஆங், சொல்லுங்க அம்மா. நீங்களே பேசுங்க."

அவனே எடம் குடுத்துட்டான், பாத்தீங்களா?

அதோட அவன் காதுல ஒண்ணும் இல்லை. ஸ்ஸ்ஸ்னு வெறும் இரைச்சல். அவன் கதையை ஆரம்பிக்கிறான், கையை ஆட்டுறான், நிறுத்துறான், மூணு எண்ணுறான். யாரும் கல்லைப் பாக்கலை. கிணத்துப் பக்கம் யாரும் போகலை. ஒன்பது பேரும் அவனையே பாக்குறாங்க. ஒரு பொண்ணு வாயைப் பொத்திக்கிச்சு. ஒரு பெரியவர் காதுல இருந்து கருவியைப் பிடுங்கி அவன் கையில திணிச்சிட்டு, "மனுஷனா நீ?"ன்னு கேட்டுட்டு நடந்துட்டாரு. அப்புறம் ஒவ்வொருத்தரா போயிட்டாங்க.

அவங்கள்ல நகோயாக்கார அம்மா ஒருத்தங்க நேரா என் கடைக்குள்ள வந்து உக்காந்துட்டாங்க. டீ போட்டுக் குடுத்தேன். கருவியில கேட்டது சின்ன வயசுப் பொம்பளைக் குரலாம். கோவமா எல்லாம் பேசலையாம். அவன் பேசுற மாதிரியே... அதே இழுப்பு, அதே நிறுத்து. "இதோ கொடி பிடிச்சுக்கிட்டு நிக்கிறாரே, தொகுஜி... இவருக்கும் ஒரு பிள்ளை இருந்துச்சு. நாப்பத்தோரு நாள். அது ஓயாம அழும். இவருக்குத் தூக்கம் வேணும்..." அங்க நிறுத்திச்சாம். மூணு எண்ணுற நேரம். அதுக்கப்புறம் சொன்னதை அந்த அம்மா என்கிட்டச் சொல்லலை. "அதை என் வாயால சொல்ல மாட்டேங்க"ன்னு எந்திரிச்சுப் போயிட்டாங்க.

பிள்ளை இருந்தது நிஜம்தான். அஞ்சு வருஷத்துக்கு முன்னாடி. ஒரு மத்தியானம் தொகுஜி கிட்ட விட்டுட்டு மிஃபுயு மருந்துக் கடைக்குப் போயிருக்கா. திரும்பி வந்தா பிள்ளைக்கு உயிர் இல்லை. தூக்கத்துலயே மூச்சு நின்னிருக்கு, சில பிள்ளைக்கு இப்படி ஆகும்னு டாக்டர் எழுதிக் குடுத்தாரு. வீட்டுக்கு வெளிய யாருக்கும் அவங்க சொல்லலை. பக்கத்துல கடை வெச்சிருக்கிற எனக்கே தெரியாது.

எனக்கு என்ன தோணிச்சுன்னு மறைக்காமச் சொல்லட்டுமா? வேணும்டா உனக்குன்னு தோணிச்சு. நீ எப்படி இட்டுக்கட்டினியோ அப்படியே உன் மேல இட்டுக்கட்டுறா பாரு. இப்ப எரியுதா?

எரிஞ்சுதான் இருக்கணும். மைக்கை மாத்தினான். கருவி அத்தனையும் புதுசு வாங்கினான். அடுத்த கூட்டமும் அதே எடத்துல அவனையே பாத்து அதே மாதிரி முழிச்சுது. ஒருநாள் காலையில என் கடைக்கு வந்து, என் முகத்தைப் பாக்காம வெள்ளைச் சாமந்தி ஒரு கட்டு வாங்கிட்டுப் போயி ஓகினு முன்னாடி வெச்சு, தண்ணி ஊத்தி, தலை தரையில படுற மாதிரி கும்பிட்டான். சரி, புத்தி வந்துச்சுன்னு நினைச்சேன். அன்னிக்கு மத்தியானமே ஒரு கூட்டத்தைக் கொண்டாந்து நிறுத்தி, "கள்ளக் காதலனுக்காக..."ன்னு அதே கதையை எடுக்கிறான்! அந்தச் சாமந்தி இன்னும் வாடக் கூட இல்லை. சீ!

ஊர்ல பேச்சு கிளம்பிருச்சு. மிஃபுயு காதுக்கும் போச்சு. அவ புருஷனை ஒண்ணும் கேக்கலை. முகமூடி போட்டு, தொப்பியை இழுத்து விட்டுக்கிட்டு, வேற பேர்ல சீட்டு வாங்கி, கூட்டத்தோட கூட்டமா நடந்து வந்தா. நான் கடையில இருந்து பாத்தேன், யாருன்னு அப்பத் தெரியலை. எல்லாரும் கல்லுக்கு முன்னாடி நின்னாங்க. எல்லாரும் போனதுக்கு அப்புறமும் அவ மட்டும் நின்னா. தொகுஜி கிட்டப் போயி பாத்து, "நீயா?"ன்னான். அவ கருவியைக் கழட்டி அவன் கையில வெச்சா. அன்னிக்கு ராத்திரியே கஸுயே வீட்டுக்கு வந்துட்டா.

கஸுயேவுக்குக் கோவம்னா கோவம். ஓகினு மேல. "உன் மேல பழி சொன்னது அவன். இவ என்ன பாவம் பண்ணினா? இவ வாழ்க்கையை எதுக்குக் கெடுக்கிற?"ன்னு கோயில் இருக்கிற திசையைப் பாத்துக் கத்தியிருக்கா. அதுக்கப்புறம் தங்கச்சியைப் பிடிச்சு உலுக்கி, "அடி அசடே, அது பழி வாங்குதுடி! அவன் பொய் சொன்னான், அதுவும் பொய் சொல்லுது. பேய் பேச்சை நம்பி ஒருத்தி புருஷனை விட்டுட்டு வருவாளா?"

கஸுயே வெச்ச சோறு அப்படியே ஆறிக் கிடக்குது. அப்புறம் மிஃபுயு சொன்னாளாம்.

"மஞ்சள் துண்டுன்னு சொல்லிச்சுக்கா அது."

"என்ன துண்டு?"

"பிள்ளை முகத்து மேல கிடந்த துண்டு. கதவைத் திறந்து முதல்ல பாத்தவ நான். எடுத்துத் தூரப் போட்டவளும் நான். அவர் சுவத்துப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தார். டாக்டர்கிட்டச் சொல்லலை. உன்கிட்டச் சொல்லலை. பக்கத்துல கிடந்தது, தானா சரிஞ்சு விழுந்திருக்கும்னு அஞ்சு வருஷமா எனக்கு நானே சொல்லிக்கிட்டேன்."

"சரிஞ்சுதாண்டி விழுந்திருக்கும்!"

"நான் மருந்துக் கடைக்குக் கிளம்புறப்ப அந்தத் துண்டை அலசி மாடியில கொடியில போட்டுட்டுப் போனேன்க்கா. ஈரம் சொட்டிக்கிட்டு இருந்துச்சு. அங்கிருந்து அது தானா நடந்தா வந்துச்சு?"